கோடரி ஏந்திய கைதி: எர்வின் கெஷொனெக்கின் திரை வாழ்வு

இரண்டாம் உலக யுத்தத்திற்குப் பிந்திய ஜெர்மானியத் திரைப்படத்தின் சரித்திரத்தை எழுதியோர் பெரும்பாலும் டைரக்டர்களின் பெயர்களைக் கொண்டே அதனைக் காலம் காலமாக வகுத்து வந்திருக்கின்றனர். பிரசித்தி பெற்ற கதாநாயகர்களையும் நாயகிகளையும் பற்றிய நூல்களுக்கும் குறைவில்லை. ஆயினும், தன் குற்றத்தின் நினைவோடும் பசியோடும் இடிபாடுகளோடும் ஒரு தேசம் மல்லாடிக்கொண்டிருந்த அந்நாளில், அங்கே கடை நடத்தியவனும் லாரி ஓட்டியவனும் முடி வெட்டியவனும் எப்படி இருந்தார்கள் என்பதைக் காண விரும்புவோர் குணசித்திர நடிகர்களிடமே போயாக வேண்டும். அவர்களுள் எர்வின் கெஷொனெக்கை இக்கட்டுரைக்குப் பொருளாக எடுத்துக்கொண்டதற்கு ஒரு விசேஷக் காரணம் உண்டு. நாஜிகளின் வதைமுகாம்களில் ஆறாண்டுக் காலம் கைதியாகக் கிடந்த இம்மனிதர், விடுதலை பெற்ற ஆறே ஆண்டுகளில், நாஜிகளுக்காகக் கம்யூனிஸ்டுகளின் தலையை வெட்டிய ஒருவனின் பாத்திரத்தை ஏற்று, அவனை அரக்கனாகத் தீட்டாமல் மனிதனாகவே நடித்துக் காட்டினார். அவ்வாறு நடிப்பதற்கு அவரைவிட உரிமை பெற்றவர் எவரும் இருந்திருக்க முடியாது. அந்த நடிப்பையே அவர் நம்பிய கிழக்கு ஜெர்மானிய அரசு பொறுத்துக்கொள்ளவில்லை.

1945-ஆம் ஆண்டு மே மாதம் 3-ஆம் தேதி, யுத்தம் முடிய ஐந்தே நாட்கள் இருந்த வேளையில், லூபெக் வளைகுடாவில் நங்கூரமிட்டிருந்த காப் அர்கோனா என்னும் கப்பலைப் பிரிட்டிஷ் விமானங்கள் தாக்கின. தப்பியோடும் ஜெர்மானியப் படைகளை ஏற்றிய கப்பல் என்று கருதியே குண்டு வீசினார்கள். உள்ளே இருந்தவர்களோ ஹாம்பர்க்கை அடுத்த நோயென்காமெ முகாமிலிருந்து கொண்டுவந்து அடைக்கப்பட்ட 4,000-க்கும் மேற்பட்ட கைதிகள். அன்று அக்கப்பலிலும் அருகில் நின்ற கப்பல்களிலுமாக மாண்டவர்கள் ஏறக்குறைய 7,000 பேர். காப் அர்கோனாவிலிருந்து உயிர் தப்பியவர்கள் சில நூறு பேரே; கெஷொனெக் அவர்களில் ஒருவர். யுத்தத்திற்கு முன் தென்னமெரிக்காவுக்குச் செல்வந்தர்களை ஏற்றிச் சென்ற இதே கப்பலின் மேல்தளத்தில்தான், 1942-ஆம் ஆண்டில், நாஜிகளின் பிரசாரப் படமாகிய ‘டைட்டானிக்’ படமாக்கப்பட்டது. படப்பிடிப்பின்போது கடற்படை அதிகாரிகளைப் பழித்துப் பேசிய குற்றத்திற்காக அப்படத்தின் டைரக்டர் ஹெர்பர்ட் செல்பின் கைதாகி, சிறையறையில் பிணமாகக் கிடந்தார். ஜெர்மானியத் திரைப்படத்தின் சரித்திரமும் அத்தேசத்தின் கொடுமையின் சரித்திரமும் எத்துணை நெருங்கிப் பின்னிக் கிடந்தன என்பதற்கு அந்த ஒரு கப்பலே போதுமான சாட்சியம்.

கெஷொனெக் 1906-ஆம் ஆண்டு டிசம்பர் 27-ஆம் தேதி, அக்காலத்துக் கிழக்குப் பிரஷ்யாவைச் சேர்ந்த பார்ட்டன்ஸ்டைன் என்னும் ஊரில் பிறந்தார். இன்று அவ்வூர் போலந்து நாட்டில் இருக்கிறது. வளர்ந்ததெல்லாம் பெர்லினின் தொழிலாளர் பகுதியில்தான். நாடகப் பள்ளி எதிலும் முறையாகப் பயின்று மேடை ஏறியவரல்லர். தெருமுனையிலும் கூட்ட அரங்கிலும் தொழிலாளர்கள் தாமே நடத்திய அரசியல் நாடகக் குழுக்களே அவருக்குக் குருகுலமாக அமைந்தன. 1929-இல் கம்யூனிஸ்ட் கட்சியில் சேர்ந்தார். நாடகாசிரியர் பிரெக்ட்டும் பங்குகொண்டு உருவாக்கிய ‘கூலெ வாம்பெ’ என்ற 1932-ஆம் ஆண்டுப் படத்தில் கூட்டத்தில் ஒருவராகத் தலைகாட்டினார். மறுவருஷம் ஹிட்லர் பதவிக்கு வந்ததும் நாட்டை விட்டு வெளியேறி, போலந்து, செக்கோஸ்லோவாக்கியா ஆகிய நாடுகளின் வழியாக ஸோவியத் யூனியனை அடைந்து, அங்கிருந்த ஜெர்மானியக் குடியானவர்களுக்காக நடத்தப்பட்ட நாடகக் குழுக்களில் நடித்துவந்தார். அந்த அடைக்கலமும் நிலைக்கவில்லை. ஸ்டாலினுடைய சந்தேகங்கள் அந்நியர் அனைவரையும் சூழ்ந்த 1938-ஆம் ஆண்டில் அவர் அங்கிருந்து வெளியேற்றப்பட்டார். பிராகா நகருக்கு வந்து சேர்ந்த சில மாதங்களில் ஜெர்மானியப் படை அந்நகரினுள் புகுந்தது. 1939-இல் கைதான அவர், ஸாக்ஸன்ஹவுஸன், டாகாவ், நோயென்காமெ என மூன்று முகாம்களைக் கண்டார்.

டாகாவில் நிகழ்ந்த ஒரு சம்பவத்தைச் சொல்லாமல் மேலே செல்ல மனம் ஒப்பவில்லை. 1943-ஆம் ஆண்டுக் கோடையில், வியன்னாவைச் சேர்ந்த பத்திரிகையாளரும் சக கைதியுமான ருடால்ஃப் கால்மார், ஒரு கொள்ளைக்காரப் பிரபுவைப் பற்றிய கோமாளி நாடகம் ஒன்றை எழுதினார். முகாமுக்குள்ளேயே அது அரங்கேறியது. அடோலார் என்னும் அந்தப் பிரபுவாக நடித்தவர் கெஷொனெக். பேச்சின் ஏற்ற இறக்கத்திலும் கையசைவிலும் அந்தப் பிரபு யாரைப் பிரதிபலிக்கிறான் என்பது கைதிகள் அனைவருக்கும் விளங்கிற்று. அதே அரங்கில் எஸ்.எஸ். காவலர்களும் பார்வையாளராக அமர்ந்திருந்தார்கள். சுட்டிக்காட்டுகிறேன் என்று சொல்லாமலே சுட்டிக்காட்டும் அபிநயத்தை, சிறிது மிகையானாலும் உயிர் போகும் என்ற நிர்ப்பந்தத்தில் அவர் அங்கே பயின்றார். பிற்காலத்தில் எந்தப் பாத்திரத்திலும் அளவு மீறாத அவருடைய அடக்கத்திற்கு இந்த அனுபவமே வித்து என்று நான் கருதுகிறேன்.

விடுதலைக்குப் பின் ஹாம்பர்க் நகரில் தங்கி, இடா ஏர எனும் அம்மையார் நடத்திய காம்மர்ஷ்பீல நாடக அரங்கில் சேர்ந்தார். ஹெல்முட் காய்ட்னரின் ‘அந்த நாட்களில்’ என்ற 1947-ஆம் ஆண்டுப் படம் போன்ற சிலவற்றில் சிறு வேஷங்கள் கிடைத்தன. பெரிய திருப்பம் 1949-இல் வந்தது. நாடு கடந்த வாசத்திலிருந்து மீண்டு கிழக்கு பெர்லினில் தம் குழுவை நிறுவிய பிரெக்ட், அதன் முதல் அரங்கேற்றமாகிய ‘பூண்டிலாப் பிரபுவும் அவர் ஆள் மாட்டியும்’ என்னும் நாடகத்தில் மாட்டியாக நடிக்க கெஷொனெக்கைத் தெரிந்தெடுத்தார். குடிபோதையில் நல்லவனாகவும் தெளிந்த நிலையில் கொடியவனாகவும் மாறி மாறி நடக்கும் நிலப்பிரபுவுக்குக் காரோட்டியாக இருக்கும் மாட்டி, எஜமானனின் அன்பையும் நம்பாமல் கோபத்துக்கும் அஞ்சாமல், எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டே நிற்கும் ஒரு வேலைக்காரன். பாத்திரத்தினுள் கரைந்து போய்விடாமல், அதனைக் கையில் எடுத்துப் பிறருக்குக் காட்டுபவனாக நடிகன் இருத்தல் வேண்டும் என்பது பிரெக்ட்டின் சித்தாந்தம். நாடகப் பள்ளியில் பயின்ற பலர் இதனைக் கற்கப் பட்டபாட்டைக் காணும்போது, தொழிலாளர் மேடையிலிருந்து வந்த இவருக்கு இது இயல்பாகவே கைவந்திருந்தது என்றே சொல்ல வேண்டும். அகன்ற தோள், கனத்த முகம், பெர்லின் பேட்டைத் தமாஷ் தொனிக்கும் பேச்சு, எதற்கும் அவசரப்படாத நடை: இவையே அவருடைய மூலதனம்.

கிழக்கு ஜெர்மனியின் திரைப்பட ஸ்தாபனமாகிய டெஃபா, 1950-இல் தன் முதல் வர்ணப்படத்தை வெளியிட்டது. ஹவுஃப் என்பவரின் பழங்கதையை ஒட்டிய ‘குளிர்ந்த இதயம்’ என்ற அப்படத்தில், ஏழைகளுக்குப் பொன்னைக் கொடுத்து அவர்களுடைய இதயத்தை வாங்கிக்கொண்டு, அதற்குப் பதிலாகக் கல்லை வைத்து அனுப்பும் வனராட்சசனாக கெஷொனெக் தோன்றினார். வாங்கிய இதயங்களெல்லாம் வரிசையாகத் துடித்துக்கொண்டிருக்கும் அவனுடைய இருப்பிடத்தை, அப்படத்தைக் குழந்தைப் பருவத்தில் பார்த்தவர்கள் முதுமையிலும் மறக்கமாட்டார்கள்.

வனராட்சசனைக் கண்டு நடுங்கிய ஜனங்கள், மறு ஆண்டிலேயே அதே முகத்தை ஒரு கசாப்புக் கடையில் காண நேர்ந்தது. ‘வாண்ட்ஸ்பெக்கின் கோடரி’ என்ற அப்படத்தின் மூலம் ஆர்னால்ட் ஸ்வைக்கின் நாவல். பாலஸ்தீனத்தில் அடைக்கலம் புகுந்திருந்த ஸ்வைக், தலைவெட்டும் தொழிலுக்குக் கூலி வாங்கிய ஒருவன் தற்கொலை செய்துகொண்ட செய்தியை 1938-இல் ஒரு சிறு பத்திரிகைக் குறிப்பில் படித்தார்; அதுவே நாவலாக விரிந்தது. அதன் பின்னணியிலும் மெய்யான சம்பவம் ஒன்று உண்டு. ஹாம்பர்க்கை அடுத்த ஆல்டோனாவில் 1933-ஆம் ஆண்டு ஆகஸ்ட் 1-ஆம் தேதி நான்கு கம்யூனிஸ்டுகள் கோடரியால் சிரச்சேதம் செய்யப்பட்டனர்.

படத்தின் கதை எளிது. ஹாம்பர்க்கின் வாண்ட்ஸ்பெக் பகுதியில் பரம்பரையாகக் கசாப்புக் கடை நடத்தும் ஆல்பர்ட் டேட்யென், பெரிய வாணிப நிலையங்களின் போட்டியால் நொடித்துப் போகும் தறுவாயில் இருக்கிறான். சிறையில் நான்கு பேருக்கு மரண தண்டனை விதிக்கப்பட்டிருக்கிறது. அதனை நிறைவேற்ற வேண்டியவனோ நோயில் கிடக்கிறான். தண்டனை நிறைவேறாமல் ஹிட்லர் அந்நகருக்கு வரமாட்டார். பழைய யுத்தகாலத் தோழனாகிய ஒரு கப்பல் முதலாளியின் மூலம் அந்த வேலை டேட்யெனைத் தேடி வருகிறது. 2,000 மார்க் கூலி, முகத்தை மூடிக்கொள்ளலாம், ஒருவருக்கும் தெரியாது. அவன் சம்மதிக்கிறான். பின்னர் விஷயம் மெல்லக் கசிகிறது. கடைக்கு வரும் பெண்கள் ஒவ்வொருவராக வேறு கடைக்குப் போய்விடுகிறார்கள். ஒருவரும் அவனைத் திட்டுவதில்லை, ஒருவரும் கல்லெறிவதில்லை. மனைவி ஸ்டீன தூக்கிட்டுக்கொள்கிறாள். அவனும் தன்னைச் சுட்டுக்கொண்டு சாகிறான்.

இப்பாத்திரத்தை ஏற்ற நடிகனுக்கு இரண்டு சுலபமான வழிகள் இருந்தன. ரத்தவெறி கொண்ட மிருகமாக நடித்து ஜனங்களின் வெறுப்பைச் சம்பாதிக்கலாம். அல்லது சூழ்நிலையின் கைதியாகக் கண்ணீர் சொரிந்து அவர்களுடைய இரக்கத்தைச் சம்பாதிக்கலாம். கெஷொனெக் இரண்டையும் ஒதுக்கினார். அவருடைய டேட்யென் தன் தொழிலில் கைதேர்ந்தவன், மனைவியிடம் பிரியமுள்ளவன், கடனை நினைத்துத் தூக்கம் கெட்டவன். கூலியைப் பற்றிப் பேசும்போதும், மாமிசத்தின் விலையைச் சொல்லும் வியாபாரியின் நிதானமே அவன் குரலில் இருக்கிறது. நால்வரைக் கொன்றதை அவன் ஒரு பாபமாக உணர்வதே இல்லை. தன் கடைக்கு ஆள் வராதது ஏன் என்பதுதான் அவனை வாட்டும் கேள்வி. இங்கேதான் அந்த நடிப்பின் கூர்மை இருக்கிறது. அவனுடைய கஷ்டம் நமக்குப் புரிகிறது. புரிந்துகொண்டே வரும் நாம், அவன் செய்த காரியத்தை அவனோடு சேர்ந்து மறந்துவிட்டோம் என்று ஒரு கட்டத்தில் உணர்ந்து திடுக்கிடுகிறோம். தலைவெட்டுபவனுடைய கோடரிக்கு எதிர்ப்பக்கத்தில் ஆறாண்டுகள் நின்ற மனிதர் இதை நடித்தார் என்பதை எண்ணிப் பார்க்க வேண்டும். டைரக்டரான ஃபால்க் ஹார்னாக்கின் நிலைமையும் அத்தகையதே. ஹிட்லரை எதிர்த்த குற்றத்திற்காக அவருடைய தமையனார் ஆர்விட் 1942-இல் தூக்கிலிடப்பட்டார். தமையனாரின் மனைவி மில்ட்ரெட் மறு ஆண்டு சிரச்சேதம் செய்யப்பட்டார்.

1951-ஆம் ஆண்டு மே மாதம் வெளிவந்த படம், ஜனங்கள் திரளாக வந்து பார்த்துக்கொண்டிருந்தபோதே, சில வாரங்களில் திரும்பப் பெறப்பட்டது. எதிர்த்துப் போராடியவர்களை முன்னிறுத்தாமல் கொலைகாரனை நடுநாயகமாக்கிவிட்டது, அவன்பால் அனுதாபம் பிறக்கச் செய்கிறது என்பவை ஆளும் கட்சியின் குற்றச்சாட்டுகள். ஹார்னாக் மனம் கசந்து மேற்கு ஜெர்மனிக்குப் போய்விட்டார். ஸ்வைக்கின் 75-ஆவது பிறந்தநாளை ஒட்டி 1962-இல் வெட்டிச் சுருக்கிய பிரதி ஒன்று திரையிடப்பட்டது. முழுமையான வடிவம் ஜனங்களை அடைய மேலும் இருபது ஆண்டுகள் சென்றன. மேற்கே நடந்ததையும் உடன்வைத்துப் பார்ப்பது நியாயம். யூத துவேஷத்தை மூட்டிய ‘யூதன் ஸூஸ்’ என்ற படத்தை எடுத்த வைட் ஹார்லான், நீதிமன்றத்தால் விடுவிக்கப்பட்டு, அதே 1951-ஆம் ஆண்டில் மீண்டும் படம் வெளியிட்டார். நாஜிகளுக்குப் படமெடுத்தவருக்கு ஒரு பாதியில் ஸ்டூடியோவின் கதவு திறந்தது. நாஜிகளால் குடும்பத்தை இழந்தவரின் படத்திற்கு மறு பாதியில் கொட்டகையின் கதவு அடைத்தது. கட்சியின் குற்றச்சாட்டை இன்று படிக்கையில், பயந்தவர்கள் எழுதியது என்றே எனக்குத் தோன்றுகிறது. டேட்யென்கள் அண்டை வீட்டில் இருந்தார்கள், இன்னும் இருக்கிறார்கள் என்ற உண்மையை, நாஜிகளெல்லாம் எல்லைக்கு அப்பால் இருப்பவர்கள் என்று பிரசாரம் செய்த அரசால் ஏற்க முடியவில்லை.

இதற்குப்பின் வந்த பத்தாண்டில் அவர் ஏற்ற கட்சி வீரர் வேஷங்களைப் பற்றி நீட்டி எழுத வேண்டியதில்லை. யுரேனியச் சுரங்கத்தைப் பற்றிக் கொன்ராட் வோல்ஃப் எடுத்த ‘சூரியனைத் தேடுவோர்’ என்ற படம் 1959-இல் தடுக்கப்பட்டு 1972-இல்தான் வெளிவந்தது. ஸ்பெயின் உள்நாட்டு யுத்தத்தைப் பற்றிய ‘ஐந்து தோட்டாக் கூடுகள்’ என்ற 1960-ஆம் ஆண்டுப் படத்தில், சாகும் தறுவாயில் ஒரு கடிதத்தைக் கிழித்து ஐந்து வீரர்களிடம் பகிர்ந்து கொடுத்து, அவர்களைப் பிரியாமல் சேர்ந்தே செல்லவைக்கும் அரசியல் கமிஸாராக நடித்தார். நேர்மையான நடிப்புத்தான், எனினும் குற்றமற்றவர்களை நடிக்கும்போது இவருடைய கலைக்கு வேலை குறைந்துவிடுகிறது. இதே காலத்தில் தொலைக்காட்சிக்காக எடுத்த ‘கொந்தளிக்கும் மனச்சாட்சி’ என்ற ஐந்து பகுதிப் படம் வேறு தரத்தது. யுத்தத்தின் இறுதியில் கிரைஃப்ஸ்வால்ட் நகரைச் சண்டையின்றி ஒப்படைத்து அதனைக் காப்பாற்றிய ஒரு ஜெர்மானியக் கர்னலின் மெய்யான வரலாற்றை ஒட்டியது அது. தம்மைச் சிறைவைத்த ஆட்சியின் ராணுவ உடுப்பை அணிந்து, கட்டளைக்கும் மனச்சாட்சிக்கும் இடையே ஓர் அதிகாரி படும் வேதனையை இவர் மெல்ல மெல்ல வளர்த்துக் காட்டும் விதம், டேட்யெனை நடித்தவரே இவர் என்பதை நினைவூட்டும்.

ஜனங்கள் அவரைத் தம்மவராக ஏற்றுக்கொண்டது 1963-இல், ஃபிராங்க் பேயரின் ‘கார்பைடும் புளிக்கீரையும்’ என்ற படத்தினால்தான். 1945-ஆம் ஆண்டுக் கோடை. டிரெஸ்டனில் இடிந்து கிடக்கும் ஒரு சிகரெட் ஆலையை அதன் தொழிலாளர்களே தூக்கி நிறுத்த முனைகிறார்கள். இரும்பைப் பற்றவைப்பதற்கு வாயு வேண்டும். வாயுவுக்குக் கார்பைடு வேண்டும். கார்பைடோ வட திசையில் எல்பெ நதிக்கரையிலுள்ள விட்டன்பெர்கெ ஊரில் கிடைக்கிறது. அதைக் கொண்டுவர, புகை பிடிக்காதவனும் மரக்கறி உண்பவனுமாகிய காலெ என்பவனை அனுப்புகிறார்கள். வழியில் புல்லையும் புளிக்கீரையையும் தின்று பிழைத்துக்கொள்வான் என்பது அவர்கள் கணக்கு. ஏழு பீப்பாய்கள் கிடைத்துவிடுகின்றன. வண்டியோ ரயிலோ எதுவும் இல்லை. நனைந்தால் வெடிக்கக்கூடிய அந்தச் சரக்கைச் சாலையில் உருட்டியும், கண்ட வாகனத்தில் ஏற்றியும், நதியில் படகில் மிதக்கவிட்டும் அவன் கொண்டுவருவதே படம் முழுவதும். ஒரு கரையில் ருஷ்யர், மறுகரையில் அமெரிக்கர். இருவருக்கும் பதில் சொல்லியாக வேண்டும். ஒவ்வோர் உதவிக்கும் ஒரு பீப்பாய் கரைந்துகொண்டே வருகிறது.

முகாமிலிருந்து வந்த மனிதர், ஐம்பத்தாறு வயதில், தோல்வியுற்ற தேசத்தின் முதல் கோடையைச் சிரிப்பாக்கிக் காட்டினார். ஆனால் அவர் சிரிப்பு மூட்ட முயல்வதே இல்லை. பீப்பாயைச் சாலையோரத்தில் நிறுத்திவிட்டு, அடுத்ததை எடுத்துவரத் திரும்பி நடந்து, அதைக் கொண்டுவந்து சேர்த்து, முதலாவது இருக்கிறதா என்று ஒருகணம் பார்த்துவிட்டு மீண்டும் நடக்கும் அந்த வேலையை, கூலிக்கு மூட்டை தூக்கிப் பழகியவன் செய்வதுபோல் முழுக் கவனத்தோடு செய்கிறார். முகத்தில் எந்த வேடிக்கையும் இல்லை. அதிகாரி யாராயினும், எந்தக் கொடியின் கீழ் நிற்பவராயினும், அவர் முன் தொப்பியை எடுத்து நிற்கும் காலெயின் கண்கள் மட்டும் பீப்பாயின் மேலேயே இருக்கின்றன. பூண்டிலாவின் முன் நின்ற மாட்டிதான் இவன். ருஷ்யப் படைவீரர்களைக் கண்டு சிரிக்கலாகாது என்றிருந்த அக்காலத்தில் கிழக்கு ஜெர்மானியர்கள் கொட்டகையில் மனம்விட்டுச் சிரித்தார்கள்.

அதே ஆண்டில் அதே டைரக்டரின் ‘ஓநாய்களிடையே நிர்வாணமாக’ என்ற படமும் வெளிவந்தது. பூகன்வால்ட் முகாமுக்குள் பெட்டியில் வைத்துக் கடத்திவரப்பட்ட ஒரு குழந்தையைக் கைதிகள் ஒளித்துக் காத்த கதை. நாவலை எழுதிய புரூனோ ஆபிட்ஸ் தாமே அம்முகாமில் எட்டாண்டுகள் இருந்தவர். கைதிகளுக்குள் மூப்பராக நியமிக்கப்பட்டு, எஸ்.எஸ்.ஸின் கட்டளையைச் சக கைதிகளிடம் சொல்ல வேண்டிய கிரேமர் என்னும் பாத்திரம் கெஷொனெக்கினுடையது. நிமிர்ந்து நிற்கும் முறையிலும், அதிகாரி பேசும்போது பார்வையை எங்கே வைத்துக்கொள்வது என்பதிலும், ஒத்திகையினால் வராத ஒரு நிச்சயம் அவரிடம் புலப்படுகிறது.

என் கணிப்பில் அவருடைய நடிப்பின் சிகரம் 1974-ஆம் ஆண்டின் ‘பொய்யன் யாக்கோபு’. யூரெக் பெக்கரின் நாவலை ஒட்டி ஃபிராங்க் பேயர் எடுத்த இப்படம், கிழக்கு ஜெர்மனியிலிருந்து ஆஸ்கார் பரிசுக்கு முன்மொழியப்பட்ட ஒரே படம். யூதர்களை அடைத்து வைத்திருந்த ஒரு கெட்டோவில், ருஷ்யப் படை நெருங்கிவருகிறது என்ற செய்தியைத் தற்செயலாகக் கேட்ட யாக்கோபு, பிறர் நம்புவதற்காகத் தன்னிடம் ரேடியோ இருப்பதாகப் பொய் சொல்கிறான். பிறகு நாள்தோறும் செய்தி புனைய வேண்டியவனாகிறான். யாக்கோபாகச் செக் நாட்டு நடிகர் விளாஸ்டிமில் பிரொட்ஸ்கி நடித்தார். அவனுடைய நெடுநாளைய சிநேகிதனும் நாவிதனுமான கோவால்ஸ்கியாக கெஷொனெக். ஓயாமல் கேள்வி கேட்டு யாக்கோபைப் பிடுங்குவதே கோவால்ஸ்கியின் வேலை: ருஷ்யர் எங்கே வந்துவிட்டார்கள், இன்னும் எத்தனை மைல், ரேடியோவில் இன்று என்ன சொன்னார்கள். அரைப்பட்டினியில் மூட்டை சுமக்கும் அக்கிழவன், செய்தியைக் கேட்டதும் விடுதலைக்குப் பிந்திய வியாபாரத்தைப் பற்றித் திட்டமிடத் தொடங்கிவிடுகிறான். ஒருநாள் யாக்கோபு சோர்ந்துபோய், ரேடியோ என்று ஒன்று கிடையவே கிடையாது என்று அவனிடம் ஒப்புக்கொள்கிறான். கோவால்ஸ்கி கோபிக்கவில்லை, அழவில்லை. இனி உன்னைக் கேள்வி கேட்டுத் தொந்தரவு செய்யமாட்டேன் என்ற பொருளில் இரண்டொரு வார்த்தை இதமாகச் சொல்லிவிட்டு வீட்டுக்குப் போகிறான். அன்றிரவே தூக்கிட்டுக்கொள்கிறான். பிரியும் அந்த நேரத்தில் கெஷொனெக்கின் முகத்தில் ஏற்படும் மாறுதல் மிகச் சிறிது. நண்பன் மனம் நோகக்கூடாது என்ற மரியாதைதான் அதில் மேலோங்கி நிற்கிறது. ஆறாண்டுகள் வதந்தியையும் நம்பிக்கையையும் உண்டு உயிர்வாழ்ந்தவர்களின் நடுவே கிடந்த ஒருவருக்கு, நம்பிக்கை நின்றுபோன மனிதன் எப்படிப் பேசுவான் என்பது தெரிந்திருந்தது. தலைவெட்டிய டேட்யெனுக்கும் இந்த நாவிதனுக்கும் முடிவு ஒன்றே. ஒருவனை அவன் செய்த குற்றம் அங்கே கொண்டுசேர்த்தது, மற்றவனைப் பிறர் செய்த குற்றம். இரண்டையும் ஒரே நேர்மையோடு நடிக்க முடிந்ததே இவருடைய தனிச்சிறப்பு.

1982-இல் காப் அர்கோனாவைப் பற்றிய தொலைக்காட்சிப் படம் ஒன்றிலும் நடித்தார். இரண்டாண்டுகளுக்குப் பின் ‘என் அமைதியற்ற ஆண்டுகள்’ என்ற சுயசரிதை வெளிவந்தது. கவிஞரும் பாடகருமான வோல்ஃப் பீர்மானை 1976-இல் அரசு நாடு கடத்தியபோது எழுந்த பூசலில் கெஷொனெக்கின் மகன் மாட்டி, பீர்மானின் பக்கம் நின்று, பின்னர் மேற்கே சென்றுவிட்டார். பெர்லின் சுவர் இடிந்து, தந்தை நம்பியிருந்த அரசும் மறைந்த பிறகு, டைரக்டராகிவிட்ட அந்த மகன் 1995-இல் ‘மாட்டுல்லாவும் புஷ்ஷும்’ என்ற தொலைக்காட்சிப் படத்தை எடுத்தார். முதியோர் இல்லத்தை விட்டு வெளியேறும் இரண்டு கிழவர்களின் கதை. ஒருவர் கெஷொனெக், மற்றவர் ஃபிரெட் டெல்மாரெ, பூகன்வால்ட் படத்தில் அக்குழந்தையைக் காப்பாற்றும் கைதிகளில் ஒருவராக அவரோடு நடித்தவர். எண்பத்தெட்டு வயதில் தந்தை மகனுடைய கட்டளைப்படி காமிராவின் முன் நின்றார். அதன் பின் அவர் எந்தப் படத்திலும் நடிக்கவில்லை; 2008-ஆம் ஆண்டு மார்ச் 12-ஆம் தேதி, நூற்றொரு வயதில், பெர்லினில் காலமானார்.